நேரத்தை மெதுவாக்கும் காளானைக் கதையில் முளைக்க வைப்பது எப்படி

மாரி தொடங்கினால் என் சனிக்கிழமைக் கதை வகுப்பில் காளான் கதைகளும் தொடங்கிவிடும். ஒக்டோபர் கடைசியில் பெருமழை விழும், வைக்கோல் போரிலும் உக்கிய கட்டையிலும் குடைகள் எழும்பும், அடுத்த கிழமை யாராவது ஒரு பிள்ளை, "ரீச்சர், நேரத்தை நிப்பாட்டுற காளான் ஒண்டைப் பற்றி எழுதப்போறன்" என்று கொப்பியோடு வந்து நிற்கும். நான் திருகோணமலையில் உயிரியல் படிப்பிக்கிறேன். சிறுவர் கதைகளும் எழுதுகிறேன். அந்தப் பிள்ளைகளுக்குச் சொல்வதைப் பெரியவர்களுக்கும் உதவும்படி கொஞ்சம் விரித்து இங்கே எழுதுகிறேன்.

ஒரு பொய் போதும்

அப்படி ஒரு காளான் உலகில் கிடையாது. கிடையாது என்பதால் அதை வைத்து என்ன வேண்டுமானாலும் செய்யலாம் என்று பலரும் தொடங்குகிறார்கள். மூன்றாம் பக்கத்தில் காளான் நேரத்தை நிறுத்தும், ஐந்தாம் பக்கத்தில் பின்னோக்கி ஓட்டும், எட்டாம் பக்கத்தில் செத்தவரை எழுப்பும். எல்லாம் செய்யக்கூடிய காளான் வந்தவுடன் கதையில் யாருக்கும் ஆபத்து இல்லாமல் போய்விடுகிறது. ஆபத்து இல்லாத கதையை யார் வாசிப்பார்?

ஆகவே உங்களுக்கு ஒரே ஒரு பொய்க்கு அனுமதி. அந்தப் பொய்யை ஒரு வசனத்தில் எழுதி, கொப்பியின் முதல் பக்கத்தில் ஒட்டிவையுங்கள். என் வகுப்பில் நாங்கள் வைத்திருப்பது இது: "இந்தக் காளானின் பூசணவலை பரவிய இடத்தில் நேரம் பாதி வேகத்தில் ஓடும்." பூசணவலை என்பது மண்ணுக்குள்ளும் மரத்துக்குள்ளும் பரவும் காளானின் இழைவலை. அவ்வளவுதான். மற்றது எல்லாம், மழை, மண், வெளிச்சம், சத்தம், பசி, நித்திரை, உள்ளபடியே இருக்கவேண்டும். கதையின் சுவை முழுவதும் அந்த ஒரு பொய்யும் மிச்ச உண்மைகளும் முட்டிக்கொள்ளும் இடத்தில்தான் கிடைக்கும்.

பெயரும் வையுங்கள். நாங்கள் நாழிகைக் காளான் என்று வைத்தோம். பெயருக்கு அதிக நேரம் செலவழிக்கத் தேவையில்லை.

உண்மையான பங்கசு நேரத்தோடு என்ன செய்கிறது

எழுத முன்னம் உண்மையான பங்கசுகளை, அதாவது காளான், பூஞ்சணம் போன்ற உயிர்களை, பற்றிக் கொஞ்சம் வாசிக்க வேண்டும். அவை ஏற்கெனவே நேரத்தோடு செய்யும் வேலைகள் நம் கற்பனையை விடப் பெரியவை.

நாம் காளான் என்று பிடுங்குவது வித்தி என்ற விதை போன்ற தூளைப் பரப்புவதற்காக எழும்பும் உறுப்பு மட்டுமே. உண்மையான உடம்பு மண்ணுக்குள்ளும் மரத்துக்குள்ளும் மெல்லிய பூசண இழைகளாகப் பரவிக் கிடக்கிறது. அமெரிக்காவின் ஒரிகன் மாநிலத்தில், மல்ஹூர் காட்டில், ஆர்மிலேரியா இனத்துப் பங்கசு ஒன்று ஏறத்தாழ 965 ஹெக்டேயர் நிலத்தில் ஒரே உயிராகப் பரவியிருக்கிறது. அதன் வயதை மிகக் குறைவாகக் கணித்தாலே 1,900 ஆண்டு வருகிறது. மறுபக்கம் கோப்ரினஸ் வகைக் காளான்கள்: குடை விரிந்து சில மணித்தியாலத்துக்குள் ஓரத்திலிருந்து கறுத்து, மையாக உருகிச் சொட்டிவிடும். ஒரே உயிர்க் குடும்பத்துக்குள் இவ்வளவு நீண்ட ஆயுளும் இவ்வளவு குறுகிய காலமும் இருக்கிறது. உங்கள் கதையில் குடை ஒரு காலையில் தோன்றி மறையட்டும். கீழே இருக்கும் வலைக்கு ஊரை விட வயது கூடியதாக இருக்கட்டும். சிறுவன் ஒருவன் காளானைப் பிடுங்கி எறிந்துவிட்டால் எல்லாம் முடிந்தது என்று எழுதாதீர்கள். கீழே ஒன்றும் முடிந்திருக்காது.

நேரடியாகப் பார்க்கக்கூடிய ஒன்று சொல்கிறேன். எங்கள் திருகோணமலைப் பிரட்றிக் கோட்டைக்குள் மான்கள் திரிவது எல்லோருக்கும் தெரியும். அவற்றின் புதிய புழுக்கைகள் கொஞ்சத்தைக் குச்சியால் எடுத்து, கண்ணாடிப் போத்தலுக்குள் ஈரக் கடதாசியின்மேல் போட்டு மூடுங்கள். மாட்டுச் சாணமும் சரிவரும். போத்தலைச் சுற்றிக் கறுப்புக் கடதாசி ஒட்டி, ஒரு பக்கத்தில் ஐந்து சத நாணயம் அளவுக்கு ஓட்டை விடுங்கள். முதலில் வெறும் பூஞ்சணம் வரும். பொறுத்திருந்தால் பைலோபோலஸ் என்ற சின்னப் பங்கசு எழும்பும்: கண்ணாடி போன்ற தண்டு, மேலே நீர் நிறைந்த குமிழ், அதன் உச்சியில் கறுப்புத் தொப்பி. தண்டு வெளிச்சம் வரும் பக்கம் வளையும். காலையில் குமிழ் வெடித்து, அந்தத் தொப்பியை ஓட்டையை நோக்கிச் சுடும். சுடும்போது அதன் முடுக்கம் புவியீர்ப்பு முடுக்கத்தின் 20,000 மடங்கு வரும். 2 மீற்றர் தூரம்கூடப் பறக்கும். கறுப்புக் கடதாசியைக் கழற்றினால் ஓட்டை இருந்த இடத்தைச் சுற்றிக் கண்ணாடியில் கறுப்புப் புள்ளிகள் அப்பிக் கிடக்கும். பிள்ளைகள் அதைப் பார்த்தபிறகு எழுதும் காளான் வேறு மாதிரி இருக்கும். அதற்கு ஒரு நோக்கமும் ஒரு காலைப்பொழுதும் வந்துவிடும். வேலை முடிந்தபின் சவர்க்காரம் போட்டுக் கை கழுவ மறக்கவேண்டாம்.

ஆனால் நம் விஷயத்துக்கு மிக நெருங்கியது நியூரோஸ்போரா கிராசா என்ற செம்மஞ்சள் பாண் பூஞ்சணம். அதற்குள் ஒரு மணிக்கூடு இருக்கிறது. முழு இருட்டில், வெப்பநிலை மாறாமல் வைத்தாலும் அது ஏறத்தாழ 22 மணித்தியாலத்துக்கு ஒருமுறை வித்திப் பட்டை போட்டபடி வளரும். பூமி சுற்றுவதை எப்படியோ உணர்ந்துதான் இந்தத் தாளம் வருகிறதா என்று பார்க்க, 1983 இல் கொலம்பியா விண்கலத்தில் அதை விண்வெளிக்கே கொண்டுபோனார்கள். அங்கேயும் தாளம் நிற்கவில்லை. மணிக்கூட்டை ஓட்டும் மரபணுவில் விகாரம் வந்தால் அதன் "நாள்" மாறிவிடும். ஒரு விகாரத்துக்கு 16 மணித்தியால நாள், இன்னொன்றுக்கு 29 மணித்தியால நாள். ஒரே மேசையில், ஒரே இருட்டில், இரண்டு கண்ணாடிக் குழாய்களில், இரண்டு வேறு நாட்கள்.

நாழிகைக் காளானுக்கு வேர் இங்கேதான் இருக்கிறது. தன் உடம்புக்குள் நாளை நீட்டவும் குறுக்கவும் தெரிந்த பங்கசு உண்மையில் உண்டு. அந்த நீட்டல் உடம்புக்கு வெளியே, சுற்றியுள்ள மண்ணுக்கும் காற்றுக்கும் பரவுகிறது என்பதுதான் நம்முடைய பொய். பொய்யை உண்மைக்குப் பக்கத்து வளவில் நட்டால் வாசகர் நம்புவார்.

எறும்பின் தலையில் முளைத்து அதை ஆட்டிவைக்கும் பங்கசைப் பற்றிப் பலரும் கேட்பார்கள். அருமையான உயிர்தான். ஆனால் எல்லோரும் எழுதித் தேய்த்துவிட்டார்கள், விட்டுவிடுங்கள்.

விகிதம்

"நேரம் மெதுவாக ஓடியது" என்று எழுதினால் ஒன்றும் எழுதவில்லை என்று அர்த்தம். எவ்வளவு மெதுவாக? எண் வேண்டும். எண் வந்ததும் கதை தானாகக் கதைக்கத் தொடங்கும்.

பாதி வேகம் என்று வைத்துக்கொள்வோம். வெளியே 2 மணித்தியாலம் போனால் உள்ளே 1. சத்தத்திலிருந்து தொடங்குங்கள். காளான் வட்டத்துக்கு உள்ளே நின்று ஒருவர் நாதஸ்வரம் வாசித்தால், வெளியே நிற்பவருக்கு அது ஒரு ஸ்தாயி கீழே இறங்கி, பாதி வேகத்தில் கேட்கும். கோயிலில் வெளியே வாசிப்பது உள்ளே இருப்பவருக்கு ஒரு ஸ்தாயி மேலே, முதல் காலம் இரண்டாம் காலமாகக் கேட்கும். வித்துவான் காலம் மாற்றும்போது சுருதி மாறுவதில்லை. இங்கே இரண்டும் சேர்ந்து மாறும். பற்றரி இறங்கிய கசெட் றேடியோவில் பாட்டுக் கேட்டவர்களுக்கு இது நன்றாக விளங்கும். கைத்தொலைபேசியில் வேகத்தைக் குறைத்துக் கேட்டுப் பார்த்து எழுதாதீர்கள். பெரும்பாலும் அது சுருதியை மாறாமல் பிடித்து வைத்திருக்கும். இன்னும் மென்மையான காளான் வேண்டுமென்றால் 6க்கு 5 என்ற விகிதம் நல்லது. வெளியே பாடும் ஷட்ஜம் உள்ளே சாதாரண காந்தாரமாகக் கேட்கும். சங்கீதம் தெரிந்த பாத்திரம் ஒன்று இருந்தால் வட்டத்தின் எல்லையை அவர் காதாலேயே கண்டுபிடிப்பார்.

இனி வெளிச்சம். இதைத்தான் எல்லோரும் மறக்கிறார்கள், எனக்கு மிகவும் பிடித்த பகுதியும் இதுதான். வெளிச்சமும் அலை. நம் கண்ணுக்குத் தெரிவது ஏறத்தாழ 400 முதல் 700 நனோமீற்றர் அலைநீளம் வரை. பாதி வேக வட்டத்துக்குள் நுழையும் ஒளியின் அலைநீளம் உள்ளே இருப்பவருக்குப் பாதியாகும். அப்படியென்றால் நாம் காணும் பகல் வெளிச்சம் முழுவதும் அவருக்கு 200 முதல் 350 நனோமீற்றர் புறஊதாக் கதிராக விழும். கண்ணுக்குத் தெரியாது, தோலைப் பொசுக்கும். போதாததற்கு, வெளியே 2 செக்கனில் வரும் வெயில் அவருக்கு 1 செக்கனில் வந்து சேரும். நிழலில்லாத இடத்தில் பகலில் வட்டத்துக்குள் போவது உயிரோடு விளையாடுவது. நீங்கள் யோசித்துக் கண்டுபிடிக்க வேண்டிய ஆபத்தை எண்ணே கொண்டுவந்து தந்துவிட்டது பாருங்கள்.

உள்ளே இருப்பவருக்கு எது தெரியும்? வெளியே 800 முதல் 1,400 வரை உள்ள அகச்சிவப்பு அவருக்கு 400 முதல் 700 ஆகி, கண்ணுக்குத் தெரியும் ஒளியாக மாறும். பச்சை இலைகள் அந்த அகச்சிவப்பை நன்றாகத் திருப்பி அனுப்புபவை. ஆகவே வெளியே நிற்கும் மரங்கள் எல்லாம் வெள்ளையாகத் தெரியும். தண்ணீர் அதை உறிஞ்சிக்கொள்வதால் குளமும் கடலும் கறுப்பாக இருக்கும். தெளிந்த வானமும் இருண்டிருக்கும். இரவு இன்னும் வடிவு. இப்போதைய எல்.ஈ.டி. தெரு விளக்குகள் அகச்சிவப்பை அனேகமாக வெளிவிடுவதில்லை, ஆகவே உள்ளே இருப்பவருக்கு அவை எல்லாம் அணைந்து கிடக்கும். எண்ணெய் விளக்கு, கற்பூரம், குப்பி விளக்கு, விறகடுப்பு, இவை பெரும்பகுதி அகச்சிவப்பையே தருபவை. மஞ்சள் சுடர் வெள்ளையாக எரிந்துகொண்டிருக்கும். ஊரையே இருட்டாகப் பார்த்துக்கொண்டு, கோயில் விளக்கை மட்டும் கண்டு வழி பிடித்து ஒருவர் வெளியே வரும் காட்சியை எழுதிப் பாருங்கள். இதற்கு மந்திரம் ஒன்றும் தேவையில்லை.

இப்படி எழுதலாம்:

"அம்மப்பா குப்பி விளக்கோடு பாலை மரத்தைத் தாண்டிப் போனார். நாலைந்து அடி வைத்ததும் சுடர் செக்கச்செவேலென்று சிவந்தது. இன்னும் இரண்டு அடியில் மங்கியது. பிறகு விளக்கும் இல்லை, அம்மப்பாவும் இல்லை. 'அம்மப்பா, விளக்கு நூர்ந்திட்டுதா?' என்று பேத்தி கத்தினாள். கொஞ்சம் பொறுத்து, மிகவும் தடித்த, இழுபட்ட குரலில் மறுமொழி வந்தது. 'இல்லைப் பிள்ளை… எரியுது… உன்ர விளக்கு ஏன் இவ்வளவு வெள்ளையா இருக்கு?'"

ஒரு வரியில்கூட "நேரம்" என்ற சொல் வரவில்லை. பூசணவலை எல்லைக்குப் பக்கத்தில் ஐதாக இருக்கும், அதனால் விகிதமும் அங்கே படிப்படியாகக் கூடும். சுடர் சட்டென்று மறையாமல் சிவந்து மறைந்ததற்கு அதுதான் காரணம். காரணத்தை நீங்கள் தெரிந்து வைத்திருந்தால் போதும், வாசகருக்கு விளக்க வேண்டாம்.

வானொலியும் மாறும். எப்.எம். பெட்டி உள்ளே ஒன்றையும் பிடிக்காது, ஏனென்றால் 100 மெகாஹேர்ட்ஸில் வரும் நிலையம் அவருக்கு 200 ஆகிவிடும், பெட்டியில் அந்த எண்ணே இருக்காது. மத்திய அலையில் 700 கிலோஹேர்ட்ஸ் நிலையம் 1,400 இல் கிடைக்கும், செய்தி வாசிப்பவர் கீச்சுக் குரலில் இரட்டை வேகத்தில் வாசிப்பார். கைத்தொலைபேசிக்குத் தொடர்பு கிடைக்காது.

பௌதிகம் படித்த வாசகர் ஒருவர் கட்டாயம் கேட்பார்: நேரம் இடத்துக்கு இடம் மாறினால் ஈர்ப்பு வராதா? சரியான கேள்வி. ஐன்ஸ்டைன் சொன்னபடி ஈர்ப்பும் நேரமும் சேர்ந்தே நடப்பவை. நம் கைத்தொலைபேசிக்கு இடம் காட்டும் ஜி.பி.எஸ். செய்மதிகளின் மணிக்கூடு, உயரத்தாலும் வேகத்தாலும் சேர்ந்து, நாளொன்றுக்கு ஏறத்தாழ 38 மைக்ரோசெக்கன் முந்துகிறது. அதைத் திருத்தித்தான் பாவிக்கிறார்கள். பூமியில் ஒரு மீற்றர் உயரத்துக்கு நேரம் மாறுவது நூறு கோடி கோடியில் ஒரு பங்கு அளவில்தான், அந்தச் சின்ன மாற்றமே நம்மை நிலத்தில் பிடித்து வைத்திருக்கும் ஈர்ப்போடு சேர்ந்து வருகிறது. ஒரு வளவுக்குள் நேரம் பாதியானால் வரும் ஈர்ப்பில் பாலை மரம் என்ன, ஊரே மிஞ்சாது. நம்முடைய ஒரு பொய்க்குள் இதுவும் அடக்கம்: நேரம் மெதுவாகும், ஆனால் ஒன்றும் உள்ளே இழுபடாது. முதல் பக்கத்தில் ஒட்டிய வசனத்தோடு இதையும் சேர்த்து எழுதிவிடுங்கள். அதற்குமேல் ஒரு சொல்லும் சேர்க்கக்கூடாது.

எங்கே முளைக்கும்

பிள்ளைகள் எல்லோரும் காளானை இராவணன் வெட்டில்தான் முளைக்க வைப்பார்கள். ஆசை விளங்குகிறது. ஆனால் அது உப்புக்காற்று அடிக்கும் செங்குத்துப் பாறை. மரம் உக்கும் பங்கசுக்கு அங்கே சாப்பாடும் இல்லை, நிழலும் இல்லை. கன்னியா வெந்நீர்க் கிணறுகள் ஏழும் ஏழு வேகத்தில் நேரம் ஓடும் என்று எழுதுபவர்களும் உண்டு. அங்கே எப்போதும் ஆட்கள் குளித்துக்கொண்டிருக்கிறார்கள், காளானின் இரகசியம் ஒரு நாள்கூடத் தங்காது. காட்சிக்கு வடிவான இடம் என்பதால் மட்டும் ஒரு இடத்தைத் தெரிவு செய்யாதீர்கள். அந்த உயிர் அங்கே என்ன தின்னும், எங்கே ஈரம் எடுக்கும் என்று கேளுங்கள்.

நான் தம்பலகாமத்தைத் தெரிவு செய்வேன். வயல் இருக்கிறது, வைக்கோல் இருக்கிறது, வயல் ஓரத்தில் நிழல் மரங்கள் இருக்கின்றன, ஆதிகோணநாயகர் கோயில் விளக்கும் மணியும் இருக்கின்றன. அங்கே நிழலில் விழுந்து உள்ளே கோறையான ஒரு பாலைக் கட்டையில் நாழிகைக் காளான் இருக்கட்டும். பாலை வைரமான மரம், உக்க வருடக்கணக்கு எடுக்கும்.

அடுத்த கேள்வி இதைவிட முக்கியம்: நேரத்தை மெதுவாக்குவதால் காளானுக்கு என்ன லாபம்? உயிர்கள் செலவு செய்து ஒன்றைச் செய்தால் அதில் அவற்றுக்கு ஏதோ கிடைக்கவேண்டும். இந்தக் கேள்விக்கு மறுமொழி இல்லாத காளான் கதையில் பொம்மையாகத்தான் நிற்கும். திருகோணமலையின் காலநிலையே மறுமொழி தருகிறது. எங்களுக்கு மழை ஒக்டோபரில் தொடங்கி ஜனவரியோடு பெரும்பாலும் முடிந்துவிடும். பிறகு வெயில்; மே மாதத்திலிருந்து கச்சான் காற்று அடித்து மண்ணையும் இலையையும் காயவைக்கும். ஈரத்தில் வாழும் ஒரு உயிருக்கு இது நீண்ட பட்டினி. வெளியே எட்டு மாத வரட்சி உள்ளே நாலு மாதமானால், கட்டைக்குள் இருக்கும் ஈரம் அடுத்த மாரி வரை தாக்குப்பிடிக்கும். ஈரம் ஆவியாகி வெளியேறுவதும் அங்கே பாதி வேகத்தில்தானே நடக்கும். வெயில் நேரே விழுந்தால் இந்தக் கணக்குப் பிழைத்துவிடும், வெப்பம் குவிந்து கட்டை காய்ந்துபோகும். ஆகவே இந்தக் காளான் நிழலை விட்டு வெளியே வரமுடியாது. கதையில் யாராவது நிழல் மரத்தை வெட்டினால் என்ன நடக்கும் என்பது இப்போது உங்களுக்குத் தெரியும்.

மழைக்காலத்தில் அது நேரத்தை வழக்கமாக ஓடவிடும், வளரவேண்டுமல்லவா. ஆக, மாரியில் வட்டம் இல்லை, கோடையில் வட்டம் உண்டு. குடை முளைத்து எல்லோருக்கும் தெரியும் காலத்தில் அது ஒன்றும் செய்யாது. ஒன்றும் தெரியாத காலத்தில்தான் வேலை நடக்கும். கதைக்கு இதைவிட நல்ல ஒளிவிடம் கிடைக்காது.

ஆட்களும் கணக்கும்

வட்டத்துக்குள் போய்வருபவரின் வயதுக் கணக்கைக் கட்டாயம் போடுங்கள். விதவைக் கிழவி ஒருத்தி கோடை இரவுகளில் அந்தப் பாலைக் கட்டையடியில் படுக்கிறாள் என்று வைப்போம். ஊர் 8 மணித்தியாலம் தூங்கி எழும்பும்போது அவள் 4 மணித்தியாலம்தான் தூங்கியிருப்பாள். முழு நித்திரை வேண்டுமென்றால் வெளியே 16 மணித்தியாலம் போய்விடும், பகலில் அவளுக்கு மிஞ்சுவது 8. அவள் மிச்சம் பிடிப்பதோ இரவுக்கு 4 மணித்தியாலம். எட்டு மாதம் தவறாமல் படுத்தால் வருடத்துக்கு ஏறத்தாழ 40 நாள். ஒரு வயது குறைய ஒன்பது வருட அரைத்தூக்கம் வேண்டும். இந்த எண்ணைப் பார்த்தபின், "அவள் ஏன் அங்கே படுக்கிறாள்?" என்ற கேள்விக்கு இளமை என்ற மறுமொழி எடுபடாது. வேறு ஏதோ இருக்கவேண்டும். காணாமல் போன மகன் திரும்பி வரும் நாள் வரைக்கும் தன் ஆயுளை இழுத்துப் பிடிக்கப் பார்க்கிறாளோ? எங்கள் பக்கத்தில் அப்படிக் காத்திருக்கும் தாய்மார் இருக்கிறார்கள். அவர்களைப் பற்றி எழுதும்போது நிதானமாக எழுதுங்கள், கதைச் சுவைக்காக அவர்களைப் பாவிக்காதீர்கள்.

பாத்திரங்கள் எப்படித் திகைப்பார்கள் என்று பிள்ளைகள் கேட்பார்கள். எங்கள் ஊர்ப் பெரியவர்கள் அவ்வளவு திகைக்க மாட்டார்கள் என்பது என் எண்ணம். 1996 மே மாதம் இலங்கை மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளியது. அதே வருடம் ஒக்டோபரில் அரை மணித்தியாலம் பின்னுக்கு இழுத்தது. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகளில் பழைய நேரமே தொடர்ந்தது. 2006 ஏப்ரலில் நாடு முழுவதும் பழைய நேரத்துக்குத் திரும்பும்வரை, ஒரு சோதனைச் சாவடியைத் தாண்டினால் அரை மணித்தியாலம் மாறும் நிலை இருந்தது. "புது நேரமா, பழைய நேரமா?" என்று கேட்டுவிட்டுத்தான் ஒரு அலுவலை ஒழுங்கு செய்வார்கள். அப்படி வாழ்ந்த ஒருவர் நாழிகைக் காளானைக் கண்டால் வாயைப் பிளந்துகொண்டு நிற்கமாட்டார். எந்த அலுவலுக்கு எந்த நேரம் என்று முதலில் தீர்மானிப்பார். பால் திரையாமல் இருக்க முட்டியை உள்ளே வைப்பார். அவசரக் காய்ச்சல்காரரை ஆஸ்பத்திரி வாகனம் வரும்வரை உள்ளே படுக்க வைப்பார், அதுதான் அந்த ஊரின் முதல் வைத்தியமாக இருக்கும். கடன்காரனுக்குத் தவணை சொல்லும்போது மட்டும் எந்தப் பக்கத்து நேரம் என்று வாய் திறக்கமாட்டார். இப்படிப்பட்ட சின்னச் சின்னப் பாவனைகளைத் தேடி எழுதுங்கள். உலகத்தைக் காப்பாற்றுவது பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

சாப்பிடுவது பற்றி

"ரீச்சர், அந்தக் காளானைச் சாப்பிட்டா நேரம் நிக்கும் எண்டு எழுதலாமோ?" என்று கேட்டால் நான் திருப்பிக் கேட்பேன், "சாப்பிட்டவருக்கு மட்டும் நிக்குதா, ஊருக்கே நிக்குதா?" சாப்பிட்டவருக்கு மட்டும் என்றால் அது மூளை மயங்கும் கதை. சைலோசைபின் உள்ள காளான்கள் நேர உணர்வைக் குழப்புவது உண்மை. ஆனால் மணிக்கூடு தன்பாட்டில் ஓடிக்கொண்டிருக்கும், மயங்கியவருக்குத்தான் தெரியாது. அது வேறு கதை, சிறுவருக்கான கதையும் அல்ல.

பாத்திரங்களைக் காட்டுக் காளான் சாப்பிட வைப்பதில் எனக்கு இன்னொரு தயக்கம் உண்டு. வாசிக்கும் பிள்ளை பிடுங்கித் தின்னக்கூடும். அமனிட்டா வகைகள் சிலவற்றில் உள்ள அமாடாக்சின் நஞ்சு 6 மணித்தியாலத்துக்கு மேல் ஒரு அறிகுறியும் காட்டாமல் இருக்கும். பிறகு வாந்தியும் வயிற்றுப்போக்கும் வரும், அடுத்த நாள் சுகமானது போலவும் இருக்கும், அந்த இடைவெளியில் ஈரல் அழிந்துகொண்டிருக்கும். சமைத்தாலும் அந்த நஞ்சு போகாது. வெள்ளிக் கரண்டி கறுக்கும், பூச்சி தின்றால் நல்லது என்பதெல்லாம் நம்பக்கூடாத பேச்சு. கதையில் யாராவது தின்றே ஆகவேண்டும் என்றால் அதன் விளைவை முழுமையாக எழுதுங்கள்.

எழுதி முடித்தபின்

கொப்பியின் கடைசிப் பக்கத்தில் இரண்டு நிரல் கீறுங்கள், "உள்ளே" என்று ஒன்று, "வெளியே" என்று ஒன்று. ஒவ்வொரு காட்சியும் தொடங்கும் நேரத்தையும் முடியும் நேரத்தையும் இரண்டிலும் எழுதுங்கள். அப்புறம் காட்சி காட்சியாகப் போய்க் கேளுங்கள்: இப்போது பசித்திருக்குமா? விளக்கில் எண்ணெய் மிஞ்சியிருக்குமா? குரல் எந்தச் சுருதியில் வந்திருக்கும்? நிலவு எங்கே நின்றிருக்கும்? மாரியா, கோடையா? பிழைக்கும் இடங்கள் அனேகமாக எல்லையைத் தாண்டும் காட்சிகளில்தான் இருக்கும், அவற்றை இரண்டாம் முறையும் பாருங்கள். ஒரு காட்சி கணக்கோடு ஒத்துவராவிட்டால் காட்சியை மாற்றுங்கள், விகிதத்தைத் தொடாதீர்கள். ஒத்துவந்தபின்னும் அந்தப் பக்கத்தைக் கிழித்துவிட வேண்டாம். அதே காளானை வைத்து இரண்டாவது கதை எழுதும்போது, கிழவி எத்தனையாம் இரவில் இருக்கிறாள் என்று அதில்தான் பார்க்கவேண்டிவரும்.